வீடு ஏலத்துக்கு வந்தால்
(கிளைக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



மருமான் தொழில் ஆரம்பிக்கிறான். சித்தப்பா வீட்டுப் பத்திரத்தைக் கொடுத்து ஜாமீன் கையெழுத்தும் போடுகிறார். நம் குடும்பங்களில் இது சகஜம். தவணை நின்றால் பேங்க் நேரே சித்தப்பா வீட்டுக்குத்தான் வரும். ஜாமீன்தாரருக்கென்று தனிச் சலுகை கிடையாது.

2002-ஆம் வருஷத்து சர்ஃபேசி சட்டப்படி, கேஸ் போடாமலேயே பேங்க் அந்த வீட்டை விற்கலாம். கணக்கு வாராக்கடன் ஆனதும் 13(2) பிரிவில் 60 நாள் நோட்டீஸ் வரும். அதைப் பீரோவில் வைத்துப் பூட்டுகிறவர்கள்தான் அதிகம்! உடனே எழுத்து மூலம் ஆட்சேபணை அனுப்ப வேண்டும். 15 நாளுக்குள் காரணம் காட்டிப் பதில் தர பேங்க் கடமைப்பட்டது.

அடுத்தது சுவாதீனம். வாசலில் நோட்டீஸ் ஒட்டி இரண்டு பத்திரிகைகளில் விளம்பரம் செய்தாலே கணக்கு ஆரம்பித்துவிடும். 45 நாளுக்குள் டி.ஆர்.டி. எனப்படும் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் 17-ஆவது பிரிவின் கீழ் மனுப் போட வேண்டும். சிவில் கோர்ட்டுக்குப் போவது வீண். 34-ஆவது பிரிவு குறுக்கே நிற்கும். மனுவுக்கு முன்னால் 75 சதவீதம் கட்ட வேண்டும் என்றிருந்ததை 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் ரத்து செய்துவிட்டது. ஆனால் தோற்று அப்பீலுக்குப் போனால் 50 சதவீதம் கட்ட வேண்டும். 25 வரை குறைக்கலாம், அவ்வளவுதான்.

வயசு, வியாதி, பெண் கல்யாணம் என்று சொல்லி அங்கே ஜெயிக்க முடியாது. பேங்க் விதியை மீறியதா என்பதுதான் கேள்வி. முதல் ஏலத்துக்கு 30 நாள் அவகாசம் தந்தார்களா? 2014-இல் மாத்யூ வர்கீஸ் வழக்கில் இது கட்டாயம் என்று தீர்ப்பாயிற்று. அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டாளர் விலை போட்டாரா? விளம்பரங்களில் ஒன்று உள்ளூர் மொழிப் பத்திரிகையில் வந்ததா? ஏலம் எடுத்தவர் 25 சதவீதத்தை அன்றோ அடுத்த வேலை நாளிலோ கட்டினாரா? அடமானம் வைத்தது விவசாய நிலம் என்றால் இந்தச் சட்டமே செல்லாது. ஒவ்வொன்றுக்கும் தபால் கவர் உட்பட காகிதம் வேண்டும்.

இன்னொரு விஷயம், இதுதான் முக்கியம். "விற்பனைப் பத்திரம் ரிஜிஸ்தர் ஆகிற வரைக்கும் பணத்தைக் கட்டி மீட்கலாம், ஓய்!" என்று தைரியம் சொல்கிற பெரியவர்கள் இன்னமும் இருக்கிறார்கள். 2016 திருத்தத்துக்குப் பின் அது பழங்கதை. ஏல விளம்பரம் வெளியான அன்றே மீட்கும் உரிமை போய்விடுகிறது. 2023-இல் பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதை உறுதி செய்தது. அங்கே கடன்காரர் முழுப் பணத்தையும் கட்டத் தயாராக இருந்தும், ஏலம் எடுத்தவருக்கே சொத்து போயிற்று. பணம் புரட்டுகிறவர்கள் விளம்பரத்துக்கு முன்பே பாக்கி, வட்டி, செலவு அனைத்தையும் கட்டி ரசீது வாங்கிவிட வேண்டும்.

வெளியூர் அங்கத்தினர்களுக்கு ஒன்று. நீங்கள் டில்லியில் இருந்து, வீடும் கடன் கணக்கும் மதுரையில் என்றால், டில்லியில் குடியிருப்பதால் மட்டும் அங்கே மனுப் போட முடியாது. மதுரையில் டி.ஆர்.டி. இருக்கிறது, வக்கீலை அங்கேயே பாருங்கள்.