சொல்லைச் சுமந்த நடிகர்

(வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



சிற்றூர்களும் சிறுநகரங்களும் நிறைந்த இப்பள்ளத்தாக்கில் ஓர் இலக்கிய வட்டம் பத்தாண்டுகள் இடையறாது கூடி வருவது எளிய செயலன்று. அந்த நிறைவைக் கொண்டாடும் இந்நாளில் இலட்சிய நடிகர் எஸ்.எஸ்.இராஜேந்திரன் அவர்களின் வாழ்வையும் கலையையும் பற்றிப் பேசுமாறு என்னைப் பணித்திருக்கிறீர்கள். கவிஞர்கள் அவையில் நடிகரைப் பற்றிய பேச்சு எதற்கு என்று சிலர் எண்ணக்கூடும். அவர் பிறர் எழுதிய சொற்களை வாழ்நாள் முழுதும் சுமந்தவர். எழுதுகிறவனின் சொல் மக்களிடம் போய்ச் சேர்வதற்கு ஒரு குரல் எவ்வளவு துணை நிற்க முடியும் என்பதற்கும், அந்தச் சொல்லுக்கு அக்குரல் என்ன விலை கொடுக்க நேரும் என்பதற்கும் அவர் வாழ்வு சான்றாக நிற்கிறது. அந்தக் கோணத்திலேயே இன்று பேச விரும்புகிறேன்.

சேடபட்டி சூரியநாராயணன் இராஜேந்திரன் என்பதே எஸ்.எஸ்.இராஜேந்திரன் என்ற பெயரின் விரிவு. 1928ஆம் ஆண்டு சனவரித் திங்களில் பிறந்தார். சேடபட்டி நமக்குத் தொலைவான ஊரன்று. ஆண்டிபட்டிக் கணவாயைத் தாண்டினால் உசிலம்பட்டி. அதன் பக்கத்து ஊர். சிறுவராக இருந்தபோதே அவர் நாடகத்துக்கு வந்துவிட்டார். டி.கே.எஸ். சகோதரர்களின் குழுவே அவருக்குப் பள்ளிக்கூடம்.

அக்குழுவின் வேரை இங்கே நினைவுகூர்தல் வேண்டும். சங்கரதாசு சுவாமிகள் 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கினார். அங்கே பயின்ற டி.கே.சங்கரன், முத்துசாமி, சண்முகம், பகவதி ஆகிய உடன்பிறந்தார் நால்வரும் 1925இல் மதுரை ஸ்ரீ பாலசண்முகானந்த சபையை அமைத்தனர். பாய்ஸ் கம்பெனி என்று மக்கள் அழைத்த இத்தகைய குழுக்களில் சிறுவர்கள் ஊர் ஊராகக் குழுவோடு பெயர்ந்து வாழ்ந்தார்கள். காலையில் பாடமும் பாட்டும், இரவில் நாடகம். பெண் வேடத்தையும் சிறுவர்களே ஏற்றார்கள். ஒலிபெருக்கி வசதி பெருகாத நாளில், கொட்டகையின் கடைசியில் தரையில் அமர்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாகக் கேட்கவேண்டும். மகரக்கட்டு உடையும் பருவத்தில் பாடும் வேடத்தை இழந்து ஒதுங்கிப்போன சிறுவர்கள் பலர். அந்தச் சல்லடையில் தங்கி நின்ற குரல்களுள் ஒன்று இராஜேந்திரனுடையது.

அவருடைய உச்சரிப்பைப் பலரும் புகழ்வார்கள். ழகரமும் ளகரமும் அவர் நாவில் குழம்பியதில்லை. அதைவிட என்னைக் கவர்வது வேறொன்று. நீண்ட உரையாடலைப் பேசும்போது வாக்கியத்தின் முடிவுவரை மூச்சை வைத்திருப்பார். வினைமுற்று தேய்ந்து மறையாது. தமிழில் வாக்கியத்தின் பொருள் பெரும்பாலும் இறுதிச் சொல்லிலேயே நிறைவெய்துகிறது. அந்த இறுதிச் சொல்லை விழுங்கிவிடும் நடிகன் எழுதியவனின் உழைப்பைப் பாழாக்குகிறான். மேடையில் கவிதை வாசிக்கும் நம் நண்பர்கள் இப்பாடத்தை அவரிடமிருந்து கற்றுக்கொள்ளலாம்.

1952ஆம் ஆண்டு தீபாவளிக்கு வெளிவந்த 'பராசக்தி' அவரைத் திரையுலகில் நிலைநிறுத்தியது. கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் கலைஞர் மு.கருணாநிதி உரையாடல் எழுதிய அப்படத்தில் அண்ணன் தம்பி மூவர். எஸ்.வி.சகஸ்ரநாமம் மூத்தவர், இராஜேந்திரன் நடுவர், சிவாஜி கணேசன் இளையவர். சகஸ்ரநாமமும் டி.கே.எஸ். குழுவில் பயின்றவர். சிவாஜி கணேசனோ யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் நாடகக் குழுவில் வளர்ந்தவர். ஆக, திரையில் பிரிந்து தவித்த மூன்று சகோதரர்களும் நாடகக் கொட்டகையில் உருவானவர்களே. தமிழ்த் திரைப்படம் பேசக் கற்றுக்கொண்டது நாடக மேடையிடமே என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுவதில்லை. அப்படத்தில் இராஜேந்திரன் ஏற்றது காலை இழந்து, இரவலர்களை ஒன்றுதிரட்டும் ஞானசேகரன் வேடம். படத்தின் புகழ் முழுவதும் இளையவர் பக்கம் சென்றது இயல்பே. ஆயினும் ஊன்றுகோலோடு நின்று அவர் பேசிய பேச்சில் தன்னிரக்கம் இல்லை; நியாயம் கேட்கும் நிமிர்வே இருந்தது.

அதன்பின் வந்த படங்களைப் பார்த்தால் ஒரு செய்தி புலப்படும். பெரும் நடிகர்களின் அருகே நிற்கும் வேடங்கள் அவருக்கு மிகுதியாக வாய்த்தன. 1954இல் வந்த 'ரத்தக்கண்ணீர்' படத்தில் எம்.ஆர்.இராதாவின் நண்பன் பாலு. ஆரவாரமும் எள்ளலும் கொண்டு திரையையே நிறைத்துவிடும் இராதாவுக்கு எதிரே ஒருவர் நின்று, அடக்கமாகப் பேசி, காண்போர் உள்ளத்தில் இடம்பெறவேண்டும். நோயுற்று வீழ்ந்த நாயகன் இறுதியில் தன் மனைவிக்கு மறுவாழ்வு தரும்படி கேட்பது இந்த நண்பனிடமே. நண்பனின் பண்பை நாம் நம்பாவிட்டால் கதையின் சீர்திருத்தக் கருத்தே நம்பத்தகாததாகிவிடும். 1962இல் 'ஆலயமணி'யில் சிவாஜி கணேசனோடு நண்பனாக நின்று, ஒரே பெண்ணை இருவரும் விரும்பும் சிக்கலை நடித்துக் காட்டினார். முன்னே பாய்கிற நடிப்புக்கு முன்னால் பின்வாங்காமலும் போட்டியிடாமலும் நிற்பது தனிக் கலை. அக்கலை அவருக்குக் கைவந்திருந்தது.

தனித்து நின்ற வெற்றிகளும் அவருக்குக் குறைவில்லை. 1957இல் 'முதலாளி', 1958இல் 'தை பிறந்தால் வழி பிறக்கும்', 1961இல் 'குமுதம்', 1962இல் 'சாரதா' என்று அந்த ஆண்டுகள் அவருடைய ஆண்டுகளாக விளங்கின. 'சாரதா' கே.எஸ்.கோபாலகிருஷ்ணன் இயக்கிய முதற்படம். விபத்தால் இல்வாழ்வுக்குத் தகுதி இழந்த கணவன் தன் மனைவியின் மறுமணத்தை எண்ணிப்பார்க்கும் கதை அது. நாயகன் என்றால் வீரமும் வெற்றியும் மட்டுமே என்று எண்ணிய காலத்தில் அத்தகைய வேடத்தை ஏற்றுக்கொள்ளத் துணிவு வேண்டும்.

இனி, இலட்சிய நடிகர் என்ற பட்டத்துக்கு வருகிறேன். திராவிட இயக்கத்தின் பகுத்தறிவுக் கொள்கையை ஏற்றுக்கொண்ட அவர், புராணப் படங்களில் நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். அக்காலத்தில் புராணப் படங்களுக்கு இருந்த வரவேற்பை நீங்கள் அறிவீர்கள். குரலும் தோற்றமும் நாடகப் பயிற்சியும் ஒருங்கே அமைந்த நடிகருக்கு அவ்வேடங்கள் தாமாகவே தேடிவரும். வேண்டாம் என்ற ஒரு சொல்லால் அவர் பெரும் வருவாயைக் கதவுக்கு வெளியே நிறுத்தினார். கொள்கையைப் பேசுவோர் பலர். அக்கொள்கையால் தம் கைப்பொருள் குறைவதைப் பொறுத்துக்கொண்டோர் சிலரே. அவருடைய கொள்கையை ஏற்காதவர்களும் இந்த அவையில் இருக்கலாம். சொன்ன சொல்லுக்காக இழப்பை ஏற்ற நேர்மையை மதிப்பதற்கு அக்கொள்கையில் உடன்பாடு தேவையில்லை.

புராணத்தை மறுத்தவர் காப்பியத்தை ஏற்றார் என்பது நம் பள்ளத்தாக்குக்கு நெருக்கமான செய்தி. 1964இல் பி.நீலகண்டன் இயக்கத்தில், கலைஞரின் எழுத்தில் வெளிவந்த 'பூம்புகார்' படத்தில் அவர் கோவலன், சி.ஆர்.விஜயகுமாரி கண்ணகி, கே.பி.சுந்தராம்பாள் கவுந்தி அடிகள். சிலப்பதிகாரத்தை மனிதர்களின் கதையாக, அரசநீதி தவறியதன் கதையாகக் காட்டியது அப்படம். ஆனால் கூடலூருக்கு மேலே வண்ணாத்திப்பாறையில் சிதைந்த கற்கோயிலில் கண்ணகி மங்கலதேவியாக வீற்றிருக்கிறாள். சித்திரை முழுநிலவு நாளில் பளியன்குடி வழியாக மலையேறுகின்ற நம் மக்களுக்கு அவள் தெய்வம். நீதி கேட்ட பெண்ணாகப் பார்ப்பவர்களும், மழை தரும் தெய்வமாகப் பார்ப்பவர்களும் ஒரே காப்பியத்தையே கையில் வைத்திருக்கிறார்கள். அப்படத்தைத் திரையரங்கில் பார்த்துவிட்டு, அடுத்த சித்திரையில் மலையேறித் தேங்காய் உடைப்பதில் நம் ஊர்க்காரருக்கு எந்த முரணும் தோன்றுவதில்லை. கோவலனாக நடித்தவர் அதற்கு ஈராண்டுகளுக்கு முன்னரே அந்த மலையின் நிழலில் வாழும் மக்களின் பிரதிநிதி ஆகிவிட்டிருந்தார் என்பது வரலாறு கூட்டிவைத்த பொருத்தம்.

1962ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தலில் தேனிச் சட்டமன்றத் தொகுதியில் திராவிட முன்னேற்றக் கழக வேட்பாளராக நின்று அவர் வென்றார். அப்போது தேனி, மதுரை மாவட்டத்தின் ஒரு சந்தை நகரம். தனி மாவட்டமாக ஆனது 1996இல்தான். அந்தத் தேர்தலில் அறிஞர் அண்ணாவே காஞ்சிபுரத்தில் தோற்றார். கழகம் பெற்ற இடங்களோ 1957இல் இருந்த 15இலிருந்து 50 ஆக உயர்ந்தன. அந்த ஐம்பதில் ஒன்று தேனி. இந்தியாவிலேயே சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் திரைப்பட நடிகர் என்று அவரைக் குறிப்பிடுவது வழக்கம். எம்.ஜி.ஆர். பரங்கிமலையில் வென்றது 1967இல். அமெரிக்காவில் நடிகர் ரொனால்டு ரீகன் கலிபோர்னியா ஆளுநராகத் தேர்ந்தெடுக்கப்பட்டது 1966இல். நடிகர்கள் ஆட்சிக்கு வருவதைப் பற்றி உலகம் வியந்து எழுதத் தொடங்குமுன்பே தேனி அதைச் செய்து பார்த்துவிட்டது.

பிறகு 1970 முதல் 1976 வரை அவர் மாநிலங்களவை உறுப்பினராக இருந்தார். 1980இல் அண்ணா திராவிட முன்னேற்றக் கழகத்தின் சார்பில் ஆண்டிபட்டியில் வென்றார். அதே ஆண்டிபட்டி 1984இல் எம்.ஜி.ஆரையும், 2002இலும் 2006இலும் ஜெயலலிதாவையும் சட்டமன்றத்துக்கு அனுப்பியது. 1966இல் இராஜேந்திரன் இயக்கி நடித்த 'மணிமகுடம்' படத்தில் ஜெயலலிதா நடித்திருக்கிறார். இயக்குநரும் நடிகையும் பிற்காலத்தில் ஒரே தொகுதியின் உறுப்பினர்களானார்கள்.

'மணிமகுடம்' முதலில் கலைஞர் எழுதிய நாடகம். எஸ்.எஸ்.ஆர். நாடக மன்றம் அதை மேடையேற்றியது. பிற்காலத்தில் ஆச்சி என்று தமிழகமே அழைத்த மனோரமா அந்த மன்றத்தின் நாடகங்களில் நாயகியாக நடித்துப் பெயர் பெற்றவர். திரையில் புகழ் வந்த பிறகும் மேடையைக் கைவிடாமல், தம் பெயரில் மன்றம் நடத்திப் பிறரையும் வளர்த்தார் என்பதை மறத்தலாகாது.

அறுபதுகளின் பிற்பகுதியில் திரையில் அவர் இடம் சுருங்கியது. அரசியல் வேலைகளை இதற்குக் காரணமாகச் சொல்வோர் உண்டு. எனக்கு இன்னொரு காரணமும் தோன்றுகிறது. அவர் குரல் எதிர்ப்பின் குரல். ஆட்சியில் இல்லாத ஓர் இயக்கம் மக்களிடம் முறையிட்ட மொழியை அது சுமந்தது. 1967இல் அந்த இயக்கமே ஆட்சிக்கு வந்தபின், முறையீட்டின் மொழிக்குத் திரையில் இருந்த சூடு தணிந்தது. அடுக்குமொழி வசனத்தின் காலமும் மெல்ல மாறியது. ஒரு காலத்தின் சொல்லோடு தம்மை முழுவதும் பிணைத்துக்கொண்ட கலைஞன், அக்காலம் நகரும்போது தானும் ஓரத்துக்குச் செல்ல நேர்கிறது. இயக்கங்களின் பாசறையில் எழுதும் கவிஞர்களும் எண்ணிப்பார்க்கவேண்டிய செய்தி இது. அப்படிப் பிணைத்துக்கொள்ளாதே என்று நான் சொல்ல வரவில்லை. விலை தெரிந்து பிணைத்துக்கொள்ளுங்கள் என்கிறேன்.

கட்சி மாறியவருக்கு இலட்சியப் பட்டம் பொருந்துமா என்றும் சிலர் கேட்பார்கள். நியாயமான கேள்வியே. அரசியலில் அவர் எடுத்த முடிவுகளை அரசியல் வரலாறு எடைபோடட்டும். பட்டம் அவருக்குக் கிடைத்தது கலையில் காத்த விரதத்துக்காக. அதை அதற்குரிய தராசில் நிறுப்பதே முறை.

2014ஆம் ஆண்டு அக்டோபர் 24ஆம் நாள் சென்னையில் தம் 86ஆம் வயதில் அவர் மறைந்தார். திரைப்படங்கள் இருக்கின்றன, வேண்டும்போது பார்க்கலாம். மேடையில் அவர் பேசிய நாடகங்களோ அன்றைய இரவுகளோடு கரைந்தன. 1962இல் தேனியின் தெருக்களில் வாக்குக் கேட்டு வந்தபோது அவர் எப்படிப் பேசினார், மக்கள் அவரை நடிகராகக் கண்டார்களா, தம்மவராகக் கண்டார்களா என்பதற்கு அன்று இருபது வயதில் இருந்தவர்களே சாட்சிகள். அவர்கள் இன்று எண்பதைக் கடந்துவிட்டார்கள். ஆண்டுதோறும் அந்தச் சாட்சிகள் குறைந்து வருகிறார்கள்.

ஆகவே இவ்வட்டத்துக்கு ஒரு வேண்டுகோளை வைத்து என் உரையை நிறைவு செய்கிறேன். பதினோராம் ஆண்டில், தேனி, ஆண்டிபட்டி, போடி, சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம், கூடலூர் ஆகிய ஊர்களுக்கு உறுப்பினர் இருவர் இருவராகச் செல்லுங்கள். நாடகக் கொட்டகைகளையும் அந்தத் தேர்தலையும் நினைவில் வைத்திருக்கும் முதியவர்களிடம் அமர்ந்து கேளுங்கள். அவர்கள் சொல்வதை அவர்கள் சொல்லும் வழக்கிலேயே, திருத்தாமல் எழுதி வாருங்கள். பிறர் சொல்லை ஐம்பதாண்டுகள் பழுதின்றிச் சுமந்த கலைஞருக்கு, நம் மக்களின் சொல்லைப் பழுதின்றிக் குறித்துவைப்பதைவிடப் பொருத்தமான மரியாதை எனக்குத் தெரியவில்லை.