வீடு என்றொரு சொல்

இன்று நூலொன்றைப் பற்றியல்ல, 20 நிமிடங்களுக்குச் சற்றுக் கூடுதலாக ஓடும் ஒரு குறும்படத்தைப் பற்றிப் பேசப்போகிறேன். இலக்கிய நிகழ்ச்சியிலே சினிமாவுக்கென்ன வேலை என்பீர்கள். இதை எடுத்தவர் ஒரு கவிஞர். ஈரானைச் சேர்ந்த ஃபுரூக் ஃபரோக்ஸாத். தப்ரீஸ் நகருக்கு அண்மையிலிருந்த தொழுநோயாளர் குடியிருப்பில் 1962இல் 12 நாட்களில் அவர் எடுத்த படம் 'வீடு கறுப்பு'.

படத்திலே கதை கிடையாது. இரண்டு குரல்கள் உண்டு. ஓர் ஆண்குரல், இது மாற்றக்கூடிய நோய், வறுமையோடு கூடவே வருவது என்று வைத்தியர் போலச் சொல்கிறது. மற்றது கவிஞரின் குரல்; பிரார்த்தனை போல மெல்ல ஒலிக்கிறது. ஒருவன் சுவரோரமாக நடக்கிறான், திரும்புகிறான், மறுபடியும் நடக்கிறான். அந்தக் குரல் கிழமைகளின் பெயர்களை மட்டும் சொல்லிக்கொண்டு போகிறது. தனிமையை இதற்குமேல் எப்படிச் சொல்வது?

இரக்கம் கேட்கும் படமல்ல இது. தொடக்கத்திலேயே ஒரு பெண் கண்ணாடியில் தன் முகத்தைப் பார்க்கிறாள். கமரா மெல்லக் கிட்டப்போகிறது. முகத்தைத் திருப்பிக்கொள்ள நமக்கு இடமில்லை. பிறகு அதே மனிதர்கள் தலை வாருகிறார்கள், கல்யாணம் கொண்டாடுகிறார்கள், பிள்ளைகள் பந்தடிக்கிறார்கள்.

நமக்கு இது தூரத்துக் கதையுமல்ல. ஹெந்தளையில் 1708இலேயே ஒல்லாந்தர் தொழுநோயாளருக்கு இல்லம் கட்டினார்கள். அவர்களைப் பிரித்துவைக்க 1901இல் சட்டமும் வந்தது. மட்டக்களப்பு வாவியிலுள்ள மாந்தீவை நம்மில் எத்தனை பேர் எட்டிப்பார்த்தோம்? 2009இல் செட்டிகுளத்து முகாம்களில் தண்ணீருக்கு வரிசையில் நின்றவர்களையும் கமராக்கள் எடுத்தன. அந்தப் படங்களில் ஒருவரும் தலை வாரவில்லை.

முடிவில் ஒரு வகுப்பறை. 'வீடு' என்ற சொல்லை வைத்து வாக்கியம் எழுதும்படி ஆசிரியர் கேட்கிறார். மாணவன் நெடுநேரம் யோசிக்கிறான். பிறகு கரும்பலகையில் அவன் எழுதுவதுதான் படத்தின் பெயர்.

மீள்குடியேறிய பின் 2010இல், இந்தப் படத்தைப் பார்க்க முன்னரே, நானும் ஒரு வகுப்பில் அதே சொல்லைக் கொடுத்திருந்தேன். பலர் தகரக் கொட்டிலைப் பற்றி எழுதினார்கள். ஒரு பிள்ளை அந்தச் சொல்லை மட்டும் எழுதி, மிச்சத்தை வெறுமையாக விட்டிருந்தது. 'வாக்கியம் முற்றுப்பெறவில்லை' என்று சிவப்பு மையால் எழுதிவிட்டு அடுத்த கொப்பியைத் திறந்தேன். ஏன் என்று நான் கேட்கவில்லை.