எய்ட்ஸ் வியாதியும் ஜனங்களின் மனப்பான்மையும்
(நமது சங்கக் கூட்டத்தில் செய்த உபந்நியாசம்)

 

சபையில் வாய்விட்டுப் பேசக் கூசப்படும் ஒரு வியாதியைக் குறித்து இன்று பேச முன்வந்திருக்கின்றோம். மூடிவைத்ததனாலேயே பல குடும்பங்கள் நாசமடைந்தன என்பதே இதற்குக் காரணம்.

1986-ம் வருஷத்தில், சென்னை மருத்துவக் கல்லூரியைச் சேர்ந்த டாக்டர் சுனிதி சாலமன் அவர்களும் அவர்தம் மாணவி நிர்மலா அவர்களும், எய்ட்ஸ் கிருமி இத்தேசத்தில் புகுந்திருத்தலை முதன்முதல் கண்டறிந்தனர். தக்க மருந்தில்லாத அக்காலத்தில், ஜனங்கள் இதனை மரணத்தின் மறுபெயராகவே கொண்டனர். நோயாளியைத் தொடவும், உடனிருந்து உண்ணவும் அஞ்சினர்.

1996-ம் வருஷமுதல், பல மருந்துகளை ஒருங்கு சேர்த்தளிக்கும் சிகிச்சை மேல்நாடுகளில் பரவிற்று. விலை மிகுதியால் நம் ஏழைகளுக்கு அது எட்டவில்லை. 2004-ம் வருஷம் ஏப்ரல் 1 முதல் இந்திய அரசாங்கத்தார் அதனை இலவசமாக வழங்கத் தொடங்கினர். இன்று, காலத்தில் தொடங்கி நாள்தோறும் தவறாது மருந்துண்போர் நெடுங்காலம் வாழ்கின்றனர். இரத்தத்தில் கிருமி சோதனைக்கு அகப்படாதவாறு அடங்கியிருக்குமாயின், தாம்பத்தியத்தின் வழியே அது பிறருக்குத் தொற்றுவதில்லை. தாய் முறைப்படி மருந்துண்டால் சிசுவையும் பெரும்பாலும் காக்கலாகும்.

மருந்து வரவே மனமும் இளகிற்று. மரணத்தை எதிர்நோக்கியிருந்தவர்கள் மணவாழ்க்கையை நாடலாயினர். தம்மிடம் சிகிச்சை பெற்ற அன்னோருக்குச் சுனிதி சாலமன் அம்மையாரே வரன் பார்த்து இணைத்து வைத்தார். பள்ளியிலும், உத்தியோகத்திலும், வைத்தியசாலையிலும் இவர்களை ஒதுக்கலாகாதென 2017-ம் வருஷத்தில் சட்டமும் இயற்றப்பட்டது.

ஆயினும் நம் இல்லங்களின் நிலை யாது? தனித்தட்டும் தனிக்குவளையும் இன்னும் முற்றும் ஒழிந்தபாடில்லை. கணவனிடமிருந்து நோயைப் பெற்ற பெண்ணின்மீதே பழி சுமத்தும் கொடுமையும் ஒழியவில்லை. உடன் உண்பதனாலோ, தொடுவதனாலோ இது தொற்றாதென்று அறிந்தும் இவ்வாறு செய்தல் நியாயமாகுமா? உறவினர் காண்பரேயென்று அஞ்சி மாத்திரையை ஒளித்துண்பவர், விருந்து நாளிலும் பிரயாணத்திலும் அதனை விட்டுவிடுகின்றனர். அடிக்கடி விட்டால் கிருமி மருந்துக்கு அடங்காது போம். ஆகவே நமது ஏளனம் மனத்தைப் புண்படுத்துவதோடு நில்லாமல் உயிரையும் போக்கவல்லது.

ஆதலின், நம்மவருள் யாருக்கேனும் இந்நோய் உண்டெனத் தெரிந்தால், எவ்வாறு வந்ததென்று வினவாதிருப்போமாக. அறிந்ததைப் பிறரிடம் உரையாதிருப்போமாக. நம் பந்தியில் அவருக்கும் இலை போடுவோமாக. ஐயமுடையோர் சோதனைக்குத் தயங்காது செல்லுமாறு தைரியமும் கூறுவோமாக. இதற்குச் சங்க நிதியில் ஒரு காசும் வேண்டுவதில்லை.