பொன்னுக்கு ஈடான மூச்சு
(கோவைக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



நம் கோவை பொன்னணிப் பட்டறைகளால் பெயர் பெற்ற ஊர். பொன்னின் ஒளியை நாம் நன்கறிவோம். அதனை மண்ணுக்கடியிலிருந்து எடுத்துத் தந்தவனின் மூச்சு என்னவாயிற்று என்று என்றேனும் எண்ணிப் பார்த்தோமா?

கோலார் தங்கவயலில் 1880இல் ஆங்கிலேயரின் சான் டெய்லர் குழுமம் தொழில் தொடங்கியது. 2001 பிப்பிரவரியில் சுரங்கம் மூடப்படும்வரை வெளிவந்த பொன் 800 டன்னுக்கும் மேல். அதனை வெட்டியோருள் மிகப் பெரும்பாலோர் தமிழர். அவருள்ளும் பலர் வடஆர்க்காட்டுப் பகுதியிலிருந்து சாதிக் கொடுமைக்கும் பசிக்கும் தப்பிச் சென்ற ஒடுக்கப்பட்ட மக்கள். மூன்று கிலோமீட்டருக்கும் கீழான ஆழத்தில், உடலை வேகவைக்கும் வெம்மையில் அவர்கள் உழைத்தனர். அழுத்தம் தாளாது பாறை வெடித்துச் சிதறியபோது உள்ளேயே மாண்டனர்.

பாறையினும் கொடியது அதன் தூசி. பொன் பொதிந்த வெண்படிகப் பாறையைத் துளைக்கும்போது எழும் நுண்துகள் நுரையீரலில் படிந்து அதனைத் தழும்பேற்றி இறுக்குகிறது. இதுவே சிலிக்கோசிசு. இதனை முற்றும் நீக்கும் மருந்து இல்லை. வேலையை விட்ட பின்னும் அது வளரும். எலும்புருக்கி நோய்க்கும் வழி திறக்கும். அதனால்தான் சுரங்கம் மூடியும் சாவு மூடவில்லை! சயனைடு கொண்டு பொன்னைப் பிரித்தபின் கொட்டிய கழிவு, மலைமலையாய்க் குடியிருப்புகளின் அருகே கிடக்கிறது. காற்றடித்தால் சுரங்கத்தையே காணாத குழந்தையும் அத்தூசியை உண்கிறது.

பொன் யாருக்குப் போயிற்று? முதலில் ஆங்கிலேயர்க்கு; 1956க்குப் பின் அரசுகளுக்கு. தமிழனுக்கு எஞ்சியது இருமல்! இன்று அவன் மக்கள் விடியுமுன் தொடர்வண்டி ஏறிப் பெங்களூருக்குக் கூலிக்குச் செல்கின்றனர்.

இஃது எங்கோ நடந்த கதையன்று. நம் வார்ப்படப் பட்டறைகளில் அச்சுக்கு இடும் மணலிலும், கொங்கு நாட்டுக் கல்லுடைக்கும் ஆலைகளிலும் அதே நுண்துகள் இருக்கிறது. நீர் தெளித்துத் துளைத்தல், தூசியை உறிஞ்சும் பொறி, ஆண்டுதோறும் நெஞ்சுப் படம் ஆகியவை காக்கும் வழிகள். இவற்றை முதலாளி இரக்கத்தால் தரமாட்டான். ஒன்றுபட்டுக் கேட்டுப் பெறவேண்டும்.

தங்கவயல் தொழிலாளர்க்கு மருத்துவ ஆய்வும் இழப்பீடும் வேண்டும்; கழிவுமேடுகளைப் பசுமையால் மூடவேண்டும். அவர்களுக்காகக் குரல் கொடுக்கும் நாம், நம் பட்டறைத் தோழனின் இருமலுக்கும் இன்றே செவி சாய்ப்போம். பொன் அழியாது, மூச்சு போனால் மீளாது.

வாழ்க தமிழினம்!