பதிவேடும் கணினியும்



குற்றம் எங்கே நடக்கும், யார் செய்வார் என்பதைக் கணினி முன்கூட்டியே சொல்லிவிடும் என்கிறார்கள். டெல்லி காவல்துறை இஸ்ரோவின் துணையோடு அப்படியொரு முறையைக் கொண்டுவந்தது. நமக்கு இது புதிதா? 1871இல் வெள்ளைக்கார அரசு குற்றப் பரம்பரைச் சட்டம் போட்டது. 1911இல் அது சென்னை மாகாணத்துக்கும் வந்தது. இன்ன சாதியில் பிறந்தவர் திருடுவார் என்பதுதான் அதன் கணிப்பு. ரேகை எடுத்தார்கள், இரவில் வந்து ஆஜராகச் சொன்னார்கள். 1920 ஏப்ரல் 3 அன்று பெருங்காமநல்லூரில், ரேகை வைக்க மறுத்த மக்களைச் சுட்டார்கள். 1952இல் அந்தச் சட்டம் நாடு முழுக்க ஒழிந்தது. சந்தேகம் ஒழியவில்லை. 1993இல் நகைத் திருட்டுச் சந்தேகத்தில் பிடிக்கப்பட்ட குறவர் ராஜாக்கண்ணு கம்மாபுரம் காவல் நிலையத்தில் அடித்துக் கொல்லப்பட்டார்.

கணினிக்குக் குற்றம் தெரியாது, வழக்குதான் தெரியும். போலீஸ் அடிக்கடி நுழையும் தெருவில் வழக்கு கூடும். வழக்கு கூடிய தெருவுக்கே மறுபடி போகச் சொல்லும். சாதியைக் கேட்கவில்லையே என்பார்கள். சேரியின் முகவரியைக் கேட்டால் போதாதா?

சிகாகோவில், துப்பாக்கிச் சூட்டில் சிக்கக்கூடியவர்கள் என்று கணினி ஒரு பட்டியல் போட்டது. ஆய்வு செய்து பார்த்தார்கள். பட்டியலில் இருந்தவர்களுக்குப் பாதுகாப்பு கூடவில்லை, கைதுதான் கூடியது. 2019இல் கைவிட்டார்கள்.

என்னை அதிகம் உறுத்துவது வேறு. வன்கொடுமைப் புகாரை வாங்காமல் திருப்பி அனுப்புகிற ஊர், இந்த வரைபடத்தில் எப்படித் தெரியும்? அமைதியான ஊராக. நம் மீது நடப்பதைக் கணினி ஒருநாளும் கணிக்காது, ஏனென்றால் அது எழுதப்படவே இல்லை.

அதற்காக முன்கூட்டித் தடுப்பதே தவறு என்று நான் சொல்லவில்லை. வன்கொடுமைத் தடுப்பு விதிகள், 1995இல் விதி 3ஐப் படியுங்கள். வன்கொடுமை நடக்கக்கூடிய பகுதிகளை மாநில அரசு கண்டறிய வேண்டும், தேவைப்பட்டால் அங்கே பட்டியல் சாதி, பழங்குடி அல்லாதவர்களின் துப்பாக்கி உரிமங்களை ரத்து செய்ய வேண்டும் என்கிறது. இதுவும் கணிப்புதான். ஆனால் இது ஒடுக்குபவர் கையைப் பிடிக்கிறது. கணினிக்குச் செலவழிக்கும் அரசு, முப்பது ஆண்டுகளாகக் கையில் இருக்கும் இந்த விதியில் எவ்வளவு அக்கறை காட்டியிருக்கிறது?

சட்ட மாணவர்கள் நிறையப் பேர் வந்திருக்கிறீர்கள். உங்கள் மாவட்டத்தில் விதி 3இன்கீழ் எந்தெந்த ஊர்கள் கண்டறியப்பட்டிருக்கின்றன என்று தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். காவல்துறைக் கணினிக்குள் எந்தப் பதிவேடுகள் போகின்றன, பழைய சரித்திரப் பதிவேடும் போகிறதா என்று இன்னொரு மனு.