கெடு தாண்டிய அப்பீல்: நீதிமன்றம் எப்போது மன்னிக்கும்?

(வணிகர்களும் இளைஞர்களும் கூடிய சட்ட விழிப்புணர்வுக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



நியாயம் நம் பக்கம் இருந்தால் போதும், வழக்கில் வென்றுவிடலாம் என்று நம்மில் பலர் நம்புகிறோம். நியாயம் இருந்தும் கடையை இழந்தவர்கள் உண்டு. காலண்டரிடம் தோற்றவர்கள் அவர்கள்.

சிவில் வழக்கில் நமக்கு எதிராக டிக்ரி ஆகிவிட்டது. எத்தனை நாளில் அப்பீல் செய்ய வேண்டும்? 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் சொல்கிறது: உயர் நீதிமன்றத்திற்கு 90 நாள், மற்ற நீதிமன்றங்களுக்கு 30 நாள். தீர்ப்பு நகலும் டிக்ரி நகலும் பெறுவதற்குத் தேவைப்பட்ட நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். நகல் மனுவே போடாமல் வீட்டில் இருந்த நாட்களுக்குக் கழிவு கிடையாது!

கெடு தாண்டிவிட்டால் கதவு அடைபட்டதா? இல்லை. அதே சட்டத்தின் 5ஆவது பிரிவு ஒரு சாளரத்தைத் திறந்து வைத்திருக்கிறது. 'போதிய காரணம்' இருந்ததென்று நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தினால் தாமதம் மன்னிக்கப்படும். அப்பீலோடு தாமத மன்னிப்பு மனுவும் பிரமாண வாக்குமூலமும் தாக்கல் செய்ய வேண்டும்.

எது போதிய காரணம்? சட்டம் பட்டியல் போடவில்லை. 1987இல் அனந்தநாக் நிலமெடுப்பு வழக்கில் அரசின் அப்பீல் 4 நாள் தாமதம். உயர் நீதிமன்றம் தள்ளியது. உச்ச நீதிமன்றம் மன்னித்தது. ஒவ்வொரு நாளுக்கும் கணக்குக் கேட்பதை விதண்டாவாதமாக்கக் கூடாது என்றது. 1998இல் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன பாலகிருஷ்ணன் வழக்கில், ஒருதலைப்பட்ச டிக்ரியை நீக்கக் கோரிய விவகாரத்தில் 883 நாள் தாமதம். வக்கீல் தகவல் சொல்லாததே காரணம். அதையும் உச்ச நீதிமன்றம் ஏற்றது. நாட்களின் எண்ணிக்கை முக்கியமல்ல, காரணம் நம்பும்படி இருக்கிறதா என்பதே முக்கியம் என்றது.

இதைக் கேட்டு, 'எவ்வளவு நாளானாலும் பார்த்துக்கொள்ளலாம்' என்று யாரும் நிம்மதியாக இருந்துவிடாதீர்கள்! 2012இல் அஞ்சல் துறையின் 427 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னிக்க மறுத்தது. கோப்பு மேசைக்கு மேசை நகர்ந்தது என்ற சாக்கு எடுபடவில்லை. 2024இல் ஒரு நிலமெடுப்பு அப்பீலில் 5,659 நாள் தாமதம், அதுவும் மறுக்கப்பட்டது. அஞ்சல் துறைக்கே இந்தக் கதி என்றால் நம் கடைக்காரருக்கு?

சகோதரர்களே! இன்னொரு ஆபத்தைப் பலர் அறிவதில்லை. அப்பீல் போட்டதாலேயே டிக்ரி நின்றுவிடாது. தடையுத்தரவு வாங்க வேண்டும். தாமத மனு முடிவாகி, அப்பீலை விசாரிக்க நீதிமன்றம் தீர்மானிக்கும்வரை அந்தத் தடையுத்தரவு கிடைக்காது என்கிறது சிவில் நடைமுறைச் சட்டம். அதற்குள் அமீனா வந்து கடையைப் பூட்டிவிட்டுப் போயிருப்பார்!

நிதி நிறுவனங்களில் கடன் வாங்கும் வணிகர்கள் இதையும் கேளுங்கள். நடுவர் தீர்ப்பை எதிர்க்க 3 மாதம். தக்க காரணம் காட்டினால் மேலும் 30 நாள். அதற்குமேல் ஒரு நாளும் இல்லை. அங்கே 5ஆவது பிரிவு கைகொடுக்காது. புதிதாக வழக்குத் தொடரத் தாமதித்தாலும் அந்தப் பிரிவு உதவாது. வக்ஃப் சொத்தை மீட்கும் வழக்குக்குக் காலவரையறை இல்லை என்றிருந்த 107ஆவது பிரிவையும் 2025ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் மாற்றியமைத்துவிட்டது. முத்தவல்லிகள் கவனிக்க வேண்டும்.

ஆகவே செய்ய வேண்டியது என்ன? தீர்ப்பு வந்த அன்றே நகல் மனுப் போடுங்கள். வழக்கு எண்ணையும் வாய்தா தேதியையும் உங்கள் கடைக் கணக்கு நோட்டிலேயே எழுதிவையுங்கள். வக்கீல் மீது பாரத்தைப் போட்டுவிட்டு மறந்துவிடாதீர்கள். தாமதமாகிவிட்டதா? மருத்துவமனைச் சீட்டு, வளைகுடாவில் இருந்ததைக் காட்டும் பாஸ்போர்ட் முத்திரை போன்ற ஆதாரங்களோடு உண்மையைச் சொல்லுங்கள். பொய் மெடிக்கல் சர்டிஃபிகேட் வாங்காதீர்கள். அது பிடிபட்டால் மெய்யான நியாயமும் சேர்ந்து மூழ்கும்.

படித்த இளைஞர்களே! உங்கள் தெருவில் நீதிமன்றக் கடிதத்தைப் பிரிக்காமல் அலமாரியில் வைத்திருக்கும் பெரியவர் யாராவது இருப்பார். இன்றே போய் அதைப் படித்துக் காட்டுங்கள். 30 நாள் என்பது மிகக் குறுகிய காலம்.