புலன் விசாரணையும் நீதிமன்றமும்



ஊரை விட்டு அயல் மாநிலத்தில் வாழும் நம்மவருக்குப் போலீஸ் ஸ்டேஷன் என்றாலே தயக்கம். பேசுகிற மொழி வேறு. கையெழுத்துக் கேட்டு நீட்டுகிற காகிதத்தைப் படிக்கவும் இயலாது. அங்கே நடக்கும் விசாரணையில் பிழை நேர்ந்தால் கேட்பார் உண்டா என்பதே இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட பொருள்.

சில ஆண்டுகளுக்கு முன் வடநாட்டு நகரமொன்றில், தருமபுரிப் பக்கத்துக்காரர் ஒருவர் இந்தியில் எழுதிய இரண்டு பக்கக் காகிதத்துடன் நம்மிடம் வந்தார். மொழிபெயர்ப்பு நமது தொழில் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். கட்டடம் கட்டும் இடத்தில் சாரத்திலிருந்து விழுந்து அவருடைய தம்பி இறந்துவிட்டான். போலீஸார் கோர்ட்டில் தாக்கல் செய்த இறுதி அறிக்கையின் நகல் அது. நிகழ்ந்தது விபத்து, எவர்மீதும் குற்றமில்லை, வழக்கை முடித்துவிடலாம் என்று அதில் கண்டிருந்தது. விசாரிக்கப்பட்ட சாட்சி கண்டிராக்டர் ஒருவரே. அதே சாரத்தில் நின்ற மூன்று தொழிலாளிகளை எவரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. படித்துச் சொன்னோம். “அவ்வளவுதானா ஐயா?” என்றார்.

அவ்வளவுதான் என்று சட்டம் சொல்லவில்லை.

புலன் விசாரணை போலீஸாரின் அலுவல், அதில் நீதிமன்றம் குறுக்கிடலாகாது என்பது பழைய கோட்பாடு. 1944ஆம் ஆண்டில் லாகூரிலிருந்து சென்ற ஒரு வழக்கில் பிரிவி கௌன்ஸில் அதை அழுத்தமாகக் கூறிற்று. 1967இல் நமது ஸுப்ரீம் கோர்ட்டும், அபிநந்தன் ஜா வழக்கில், ‘குற்றப்பத்திரிகை தாக்கல் செய்’ என்று மாஜிஸ்திரேட் போலீஸாருக்கு ஆணையிட முடியாது என்றே தீர்ப்பளித்தது. ஆயினும், போலீஸாரின் முடிவுக்கு மாஜிஸ்திரேட் கட்டுப்பட்டவரல்லர் என்பதையும் அதே தீர்ப்பு விளக்கிற்று. அறிக்கையை அவர் ஏற்கலாம். ஏற்க மறுத்து, அதிலுள்ள செய்திகளைக் கொண்டே வழக்கைத் தாமே எடுத்துக்கொள்ளலாம். ‘இன்னும் விசாரித்து வா’ என்று திருப்பியும் அனுப்பலாம்.

ஆனால், நாள்தோறும் எத்தனையோ அறிக்கைகளைப் பார்க்கும் மாஜிஸ்திரேட்டுக்கு, விசாரிக்கப்படாத சாட்சி ஒருவர் இருக்கிறார் என்பதை யார் சொல்வது? இந்த இடத்தில்தான் 1985ஆம் ஆண்டின் பகவந்த் சிங் தீர்ப்பு நமக்கு மிகவும் வேண்டியதாகிறது. தில்லியில் தீக்காயங்களால் மாண்ட ஓர் இளம்பெண்ணின் தந்தை தொடுத்த வழக்கு அது. வழக்கை முடித்துவிட மாஜிஸ்திரேட் எண்ணினால், முதல் தகவல் கொடுத்தவருக்கு நோட்டீஸ் அனுப்பி, அவர் சொல்வதைக் கேட்ட பிறகே முடிக்க வேண்டும் என்று அதில் விதிக்கப்பட்டது.

இதில் ஒரு நுட்பம் உண்டு. நோட்டீஸ் பெறும் உரிமை தகவல் கொடுத்தவருக்கே. வெளியூரில் நம்மவருக்கு ஏதேனும் நேர்ந்தால் முந்திக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போகிறவர் பெரும்பாலும் முதலாளி அல்லது கண்டிராக்டர். நோட்டீஸும் அவருக்கே போகும்! அவர் ஆட்சேபிப்பார் என்று எதிர்பார்ப்பதற்கில்லை. இறந்தவரின் உறவினருக்கு நோட்டீஸ் வராமற் போகலாம். எனினும், அறிக்கை பரிசீலனைக்கு வரும் நாளில் தாமே கோர்ட்டில் ஆஜராகித் தம் தரப்பைச் சொல்ல அவருக்கு உரிமை உண்டென்பதும் அத்தீர்ப்பிலேயே இருக்கிறது. வாய்தா என்றைக்கு என்பதைக் கேட்டுத் தெரிந்துகொள்வது அவர் பாடு.

2024 ஜூலை முதல் தேதியிலிருந்து, 1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாகப் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா அமலில் இருக்கிறது. பெயர் வாயில் நுழையச் சற்று நாளாகும். அதன் 173ஆம் பிரிவின்படி, குற்றம் எந்த ஸ்டேஷன் எல்லையில் நடந்திருந்தாலும் தகவலைப் பதிவு செய்ய வேண்டும், நகல் இலவசம். மறுத்தால் போலீஸ் சூப்பிரண்டுக்கு எழுதலாம். அதிலும் பயனில்லையேல் பிரமாணப் பத்திரத்துடன் மாஜிஸ்திரேட்டிடம் மனுச் செய்யலாம். விசாரணை எந்த நிலையில் இருக்கிறதென்பதை 90 நாட்களுக்குள் தகவல் கொடுத்தவருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ தெரிவிக்க வேண்டுமென்று 193ஆம் பிரிவு கூறுகிறது. பாதிக்கப்பட்டவர் என்ற சொல்லில் சட்டபூர்வமான வாரிசும் அடங்குவர்.

தருமபுரிக்காரர் வாய்தா நாளன்று ஒரு வக்கீலுடன் கோர்ட்டுக்குப் போனார். ஆட்சேப மனுவில் அதிகம் எழுதவில்லை. அந்த மூன்று தொழிலாளிகளின் பெயர்களையும், அவர்கள் விசாரிக்கப்படவில்லை என்பதையும் மட்டும் எழுதியிருந்தார்கள். மேலும் விசாரிக்குமாறு மாஜிஸ்திரேட் உத்தரவிட்டார். அதற்குள் மூவரும் வேலை முடிந்து ஒடிஸாவுக்குத் திரும்பிவிட்டிருந்தனர். ஒருவரை மட்டும் தேடிப்பிடித்து வாக்குமூலம் பெற்றார்கள். சாரத்தின் கட்டு இற்றிருந்ததென்றும், முதல் நாளே கண்டிராக்டரிடம் சொன்னதாகவும் அவர் கூறியிருந்தார். அந்த வாக்குமூலத்தையும் நாமே தமிழில் எழுதிக் கொடுத்தோம். ஊரிலுள்ள தாயாருக்குப் படித்துக் காட்ட வேண்டுமென்று இரண்டு பிரதி கேட்டு வாங்கிச் சென்றார்.